மூன்று வருடம் ரிட்டன் போடாத கம்பெனி: இயக்குநர்கள் எதை முதலில் செய்ய வேண்டும்?

ஏற்காட்டில் காப்பித் தோட்டம் வைத்திருக்கும் ஒருவர் 2025-இல் மஞ்சப்பையோடு எங்கள் ஆடிட்டர் அலுவலகத்துக்கு வந்தார். பைக்குள் லேமினேட் செய்த பதிவுச் சான்றிதழ், ரப்பர் ஸ்டாம்ப், பிரிக்காத இரண்டு வங்கிக் கடிதங்கள். மலையில் தங்கும் விடுதி கட்டலாம் என்று நாலு பேர் சேர்ந்து பிரைவேட் லிமிடெட் கம்பெனி தொடங்கியிருக்கிறார்கள். நிலம் அமையவில்லை. கம்பெனி அப்படியே கிடந்தது. இப்போது மச்சினரின் மிளகு வியாபாரக் கம்பெனியில் இயக்குநராகச் சேரப் போனால், அரசின் கம்பெனிப் போர்ட்டல் இவருடைய இயக்குநர் எண்ணை ஏற்க மறுக்கிறது.

"ஒரு ரூபாய்க்குக்கூட வியாபாரம் பண்ணலைங்களே சார், அப்புறம் எதுக்குங்க ரிட்டன்?" என்று கேட்டார்.

சேலத்தில் கம்பெனி ஃபைல்களோடு மல்லுக்கட்டும் எனக்கு இந்தக் கேள்வி பழகிப்போனது. வியாபாரம் நடந்ததா என்று சட்டம் பார்ப்பதில்லை. கம்பெனி உயிரோடு இருக்கும்வரை கம்பெனிகள் பதிவாளரிடம் ஆண்டுக் கணக்கும் ஆண்டு ரிட்டனும் போட்டாக வேண்டும். இன்னொன்றையும் மனதில் வையுங்கள்: உங்களை இயக்குநர் பதவிக்குத் தகுதி நீக்கம் செய்ய யாரும் உத்தரவு போட வேண்டியதில்லை. ஒரு தேதி தாண்டினால் அது தானாக விழும். அதனால் அந்தத் தேதிக்கு இந்தப் பக்கம் நிற்கிறோமா, அந்தப் பக்கமா என்று பார்ப்பதுதான் முதல் வேலை. அதைப் பார்க்காமல் பணம் கட்டுகிறவர்களும், பயந்து ராஜினாமா செய்கிறவர்களும்தான் அதிகம் மாட்டுகிறார்கள்.

1. உட்காரும் முன் கையில் இருக்க வேண்டியவை

கம்பெனியின் சிஐஎன் (பதிவு எண்), எல்லா இயக்குநர்களின் டின் (இயக்குநர் அடையாள எண்), பான், பதிவுச் சான்றிதழ், சங்க விதிகள், கடைசியாகத் தாக்கல் செய்த பேலன்ஸ் ஷீட், தொடங்கிய நாளிலிருந்து இன்றுவரையிலான வங்கிக் கணக்கு அறிக்கை. கணக்கு முடங்கியிருந்தாலும் கிளையில் எழுதிக் கேட்டு அறிக்கையை வாங்கிவிடுங்கள். நாலு வருடத்துச் சில்லறைக் கழிவுகள், வங்கிக் கட்டணங்கள் எல்லாம் அதில்தான் இருக்கும். வேறு எங்கும் கிடைக்காது.

அடுத்தது டிஎஸ்சி, அதாவது கையெழுத்துக்கான அந்தச் சின்ன யுஎஸ்பி டோக்கன். அது காலாவதி ஆகும் தேதியை இன்றே பாருங்கள். ஒரு ஃபைலில் எல்லாம் தயார் செய்து வைத்துவிட்டு, கெடுவுக்கு முந்தின நாள் மாலை டோக்கனைச் செருகினேன். அது ஒன்பது நாளுக்கு முன்பே காலாவதியாகியிருந்தது. தவறு என்னுடையது. அன்றிலிருந்து எந்த ஃபைலைத் திறந்தாலும் முதலில் டோக்கனைத்தான் கேட்கிறேன்.

மூன்றாவது, போர்ட்டலில் பதிவான மின்னஞ்சலும் கைபேசி எண்ணும். பல கம்பெனிகளில் இரண்டுமே கம்பெனியைப் பதிவு செய்துகொடுத்தவருடையதாகவே இருக்கும். நோட்டீஸ் அங்கே போகும், ஓடிபி அங்கே போகும். அவர் எண்ணை மாற்றியிருந்தால் கதை முடிந்தது. இதை முதல் நாளே சரிசெய்யுங்கள்.

2. போர்ட்டலில் மூன்று வரிகளைப் பாருங்கள்

எம்சிஏ, அதாவது கம்பெனி விவகார அமைச்சகத்தின் போர்ட்டலில் கம்பெனியின் மாஸ்டர் டேட்டா (அடிப்படை விவரம்) இலவசம். அதில் கம்பெனியின் நிலை, கடைசி ஆண்டுப் பொதுக்கூட்டத் தேதி, கடைசி பேலன்ஸ் ஷீட் தேதி என்ற மூன்று வரிகளை எழுதிக்கொள்ளுங்கள். ஏற்காட்டுக்காரரின் கம்பெனியில் பேலன்ஸ் ஷீட் தேதி 31-03-2021 என்று இருந்தது. மீதிக் கதையை அந்த ஒரு வரியே சொல்லிவிட்டது.

பிறகு ஒவ்வொரு இயக்குநரின் டின் நிலையையும் தனித்தனியாகப் பாருங்கள். இங்கே எல்லாரும் குழம்பும் ஒன்று உண்டு. கேஒய்சி போடாததால் முடங்கிய டின் வேறு, ரிட்டன் போடாததால் கம்பெனிகள் சட்டத்தின் 164(2) பிரிவில் தகுதி நீக்கம் ஆன டின் வேறு. முதலாவதை 5,000 ரூபாய் கட்டி கேஒய்சி போட்டால் திரும்பப் பெறலாம். இரண்டாவது பணத்துக்கு அசையாது. "டின் போச்சு" என்று அலறிக்கொண்டு வந்தவர்களில் சிலருக்குப் பிரச்சினை வெறும் கேஒய்சிதான். டீ குடித்து முடிப்பதற்குள் வேலை முடிந்திருக்கிறது.

3. உங்கள் தேதியைக் கண்டுபிடியுங்கள்

2013-ஆம் ஆண்டு கம்பெனிகள் சட்டத்தின் 164(2)(அ) சொல்வது இதுதான்: தொடர்ந்து மூன்று நிதியாண்டுகளுக்கு நிதிநிலை அறிக்கையோ ஆண்டு ரிட்டனோ தாக்கல் செய்யாத கம்பெனியின் இயக்குநர், அந்தத் தவறு நேர்ந்த நாளிலிருந்து 5 வருடங்களுக்கு அந்தக் கம்பெனியில் மறுபடியும் நியமனம் பெற முடியாது, வேறு எந்தக் கம்பெனியிலும் நியமனம் பெற முடியாது. வாங்கிய டெபாசிட்டை ஒரு வருடத்துக்கு மேல் திருப்பித் தராவிட்டாலும் இதே கதிதான். அதற்கு மூன்று வருடம்கூடக் காத்திருக்க மாட்டார்கள்.

"அறிக்கையோ ரிட்டனோ" என்பதில் அந்த "ஓ"வைக் கவனியுங்கள். நிதிநிலை அறிக்கைக்கான ஏஓசி-4 படிவத்தை மட்டும் வருடா வருடம் போட்டுவிட்டு, ஆண்டு ரிட்டனுக்கான எம்ஜிடி-7ஐ மறந்தவரும் மாட்டுவார்.

கணக்கு இப்படிப் போகும். நிதியாண்டு மார்ச் 31-இல் முடிகிறது. பொதுக்கூட்டத்தை செப்டம்பர் 30-க்குள் நடத்த வேண்டும். ஏஓசி-4 அதிலிருந்து 30 நாளில், அதாவது அக்டோபர் 30-க்குள். எம்ஜிடி-7 அல்லது சிறு கம்பெனிக்கான எம்ஜிடி-7ஏ 60 நாளில், அதாவது நவம்பர் 29-க்குள். ஏற்காட்டுக் கம்பெனி விட்ட நிதியாண்டுகள் 2021-22, 2022-23, 2023-24. மூன்றாவது வருடத்தின் ஏஓசி-4 கெடு 2024 அக்டோபர் 30. அது தாண்டியதும் நாலு பேரும் 2029 அக்டோபர் கடைசிவரை வெளியே. அவர் எங்களிடம் வந்தது அதற்குப் பல மாதம் கழித்து.

"கூட்டமே நடத்தலை, அப்ப 30 நாள் எப்படி ஆரம்பிக்கும்?" என்று புத்திசாலித்தனமாகக் கேட்பவர்கள் உண்டு. 92, 137 பிரிவுகள் அந்த வழியை அடைத்துவிட்டன. கூட்டம் நடக்காவிட்டால், நடந்திருக்க வேண்டிய நாளிலிருந்து எண்ண வேண்டும்.

புதிய கம்பெனிக்கு முதல் கூட்டம் மட்டும் முதல் நிதியாண்டு முடிந்து 9 மாதத்துக்குள். ஒருநபர் கம்பெனிக்குப் பொதுக்கூட்டம் கிடையாது, நிதியாண்டு முடிந்த 180 நாளில் ஏஓசி-4. உழவர் உற்பத்தியாளர் கம்பெனிகளுக்கென்று சட்டத்தில் தனி அத்தியாயம் இருக்கிறது. அவற்றின் கூட்டக் கெடுக்களை அதில் பார்த்துக்கொள்ளுங்கள், இந்தத் தேதிகளை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள்.

4. தேதிக்கு முன்னால் இருந்தால்: தாக்கல் வரிசை

ஒரு வருடமோ இரண்டு வருடமோ மட்டும் நிலுவை என்றால் நீங்கள் அதிர்ஷ்டசாலி. ஆனால் வரிசையை மாற்றாதீர்கள்.

முதலில் ஆடிட்டர் நியமனம். அதைத் தெரிவிக்கும் ஏடிடி-1 படிவத்தைப் போடாமலேயே பல கம்பெனிகள் கிடக்கின்றன. ஆடிட்டர் இல்லாமல் தணிக்கை இல்லை, தணிக்கை இல்லாமல் ஏஓசி-4 இல்லை. ஏடிடி-1க்கு நாள்கணக்கில் தண்டம் இல்லை, சாதாரணக் கட்டணத்தின் மடங்குதான். 180 நாள் தாண்டியிருந்தால் 12 மடங்கு. சில ஆயிரத்தில் முடிந்துவிடும். 2018 நவம்பருக்குப் பிறகு தொடங்கிய கம்பெனி என்றால் தொழில் தொடங்கியதை அறிவிக்கும் ஐஎன்சி-20ஏ போட்டிருக்கிறதா என்றும் இதோடு பாருங்கள்.

இரண்டாவது, கணக்கு எழுதுவது. பழைய வருடத்திலிருந்து புதிய வருடத்துக்கு வாருங்கள். "நடு வருடத்தை மட்டும் போட்டால் தொடர்ச்சி அறுந்துவிடுமே" என்று ஒரு குறுக்கு யோசனை வரும். நடு வருடத்தின் தொடக்க இருப்பு அதற்கு முந்தின வருடத்தின் முடிவு இருப்பு. அதையே தணிக்கை செய்யாமல் இதில் எந்த ஆடிட்டர் கையெழுத்துப் போடுவார்?

2023 ஏப்ரல் 1 முதல், கம்பெனிக் கணக்கை எழுதும் மென்பொருளில் எந்தப் பதிவு எப்போது போடப்பட்டது, எப்போது திருத்தப்பட்டது என்ற தடம் அழியாமல் இருக்க வேண்டும். ஆகவே உட்கார்ந்து மொத்தமாக எழுதினால், மொத்தமாக எழுதியது தெரியும். தெரியட்டும். மறைக்கப் பார்ப்பதில்தான் சிக்கல்.

மூன்றாவது, தணிக்கை அறிக்கை. இங்கே வரும் வழக்கமான வேண்டுகோள்: "கொஞ்சம் பழைய தேதி போட்டுக் கொடுத்துடுங்க சார்." முடியாது. ஒவ்வொரு கையெழுத்துக்கும் ஆடிட்டர் யுடின் என்ற தனி ஆவண எண் எடுக்க வேண்டும், அதையும் கையெழுத்திட்ட 60 நாளுக்குள். அறிக்கையில் இன்றைய தேதிதான் வரும். அதன்படி இயக்குநர் குழுக் கூட்டம், பிறகு பொதுக்கூட்டம் எல்லாமே இன்றைய தேதிகளில். கூட்டம் தாமதமானது தனித் தவறு, அதற்குத் தனி நடவடிக்கை வரலாம். ஆனால் பழைய தேதியில் மினிட்ஸ் எழுதிவைத்தால் யுடின் தேதியே உங்களைக் காட்டிக்கொடுத்துவிடும்.

நாலாவதாக, ஒவ்வொரு வருடத்துக்கும் முதலில் ஏஓசி-4, பிறகு எம்ஜிடி-7. ஒரு வருடத்தின் இரண்டு ஒப்புகைச் சீட்டுகளும் வந்தபிறகு அடுத்த வருடத்துக்குப் போங்கள். பணம் கட்டினால் வரும் எஸ்ஆர்என் எண்ணை வைத்துக்கொண்டு முடிந்துவிட்டது என்று நினைக்காதீர்கள். படிவம் ஏற்கப்பட்டதா என்பதையும் திறந்து பாருங்கள்.

5. பணம் எவ்வளவு ஆகும்?

சாதாரணக் கட்டணம் அற்பம். கம்பெனியின் அங்கீகரிக்கப்பட்ட மூலதனத்தைப் பொறுத்து ஒரு படிவத்துக்கு 200 முதல் 600 ரூபாய். வலிப்பது தாமதக் கட்டணம். 2018 ஜூலை 1 முதல் ஏஓசி-4, எம்ஜிடி-7 ஒவ்வொன்றுக்கும் நாளொன்றுக்கு 100 ரூபாய், உச்சவரம்பு கிடையாது.

ஒரு படிவம் ஒரு வருடம் தாமதமானால் 36,500. மூன்று வருட நிலுவையில் மூத்தது மூன்று வருடமும் அடுத்தது இரண்டு வருடமும் கடைசி ஒரு வருடமும் தாமதம் என்று வைத்தால், மொத்தம் ஆறு வருட நாள்கள். ஒரு படிவ வகைக்கு 2,19,000. இரண்டுக்கும் 4,38,000 ரூபாய். செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிக் கொலுசுப் பட்டறை நடத்தும் ஒருவரிடம் இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டியபோது, அவர் கால்குலேட்டரை வாங்கி இரண்டு முறை தட்டிப் பார்த்தார். ஒரு லட்ச ரூபாய் மூலதனத்தில் தொடங்கிய கம்பெனி அது.

இதைக் கட்டிவிட்டால் தண்டனை முடிந்தது என்றும் இல்லை. 92, 137 பிரிவுகளில் பதிவாளர் தனியாக அபராதம் விதிக்கலாம். இயக்குநருக்கு 10,000, அதன்பின் நாளுக்கு 100, அதிகபட்சம் 50,000. சிறு கம்பெனி என்றால் இதில் பாதிதான். உத்தரவு வந்தால் 60 நாளுக்குள் மண்டல இயக்குநரிடம் மேல்முறையீடு செய்யலாம்.

அமைச்சகம் அவ்வப்போது சலுகைத் திட்டம் கொண்டுவரும். 2018-இல் ஒன்று, 2020-இல் ஒன்று வந்தது. அடுத்தது வரட்டும் என்று காத்திருப்பது சரியான முடிவா? நான் பார்த்தவரை, காத்திருந்தவர்களில் பலர் மூன்றாவது அக்டோபரைத் தாண்டிவிட்டார்கள்.

6. தேதி தாண்டிவிட்டிருந்தால்

முதலில் ஒன்றை ஏற்றுக்கொள்ளுங்கள். இப்போது எல்லா ரிட்டனையும் போட்டாலும் அந்த 5 வருடம் அழியாது. பணம் கட்டியபிறகு இதைக் கேட்டுத் தலையில் கைவைத்தவர்கள் இருக்கிறார்கள். பிறகு ஏன் போட வேண்டும் என்றால், தாமதக் கட்டணம் ஓடுவது நிற்கும், கம்பெனியைப் பதிவேட்டிலிருந்து நீக்கும் ஆபத்து குறையும், கம்பெனியை முறையாக மூடவும் வழி கிடைக்கும்.

இருக்கை விஷயம் தலைகீழானது. 167-ஆம் பிரிவின்படி, தவறு செய்த கம்பெனியில் உங்கள் பதவி அப்படியே இருக்கும். மற்ற எல்லாக் கம்பெனிகளிலும் காலியாகிவிடும். அதாவது செத்துக் கிடக்கும் கம்பெனியில் நீங்கள் இயக்குநர், நன்றாக ஓடும் கம்பெனியில் இல்லை. தெரிந்தே அந்த ஓடும் கம்பெனியில் தொடர்ந்து கையெழுத்துப் போட்டால் 1 லட்சம் முதல் 5 லட்சம் வரை அபராதம். ஆகவே அங்கே டிஐஆர்-12 என்ற இயக்குநர் மாற்றப் படிவத்தைப் போட்டு விலகலைப் பதிவு செய்யச் சொல்லுங்கள். பிரைவேட் கம்பெனிக்குக் குறைந்தது இரண்டு இயக்குநர் வேண்டும் என்பதால், மாற்று ஆளை முன்கூட்டியே பார்த்துவைக்கச் சொல்லுங்கள். வீட்டம்மாவை இரண்டாவது இயக்குநராகப் போட்டிருக்கும் குடும்பங்களில் இருவரும் ஒரே நாளில் தகுதி இழப்பார்கள். இதை யாரும் யோசிப்பதில்லை.

தவறு செய்த கம்பெனியில் நிலுவையைப் போட உங்கள் டின்னை போர்ட்டல் ஏற்கவில்லை என்றால், புதிதாக ஒருவரை இயக்குநராகச் சேர்க்க சட்டமே இடம் தருகிறது. புதியவர் சேர்ந்த நாளிலிருந்து 6 மாதம் வரை அந்தக் கம்பெனியின் பழைய தவறு அவரைத் தொடாது. அந்த 6 மாதத்துக்குள் எல்லாவற்றையும் முடித்துவிட வேண்டும். அக்கா மகனைக் கையெழுத்துக்காகச் சேர்த்துவிட்டு எட்டு மாதம் இழுத்தடித்தால் அவரும் உங்களோடு வந்துவிடுவார்.

நீதிமன்ற வழி எல்லோருக்கும் இல்லை. தேதி தவறு, அதற்கு முன்பே விலகிவிட்டீர்கள், உண்மையில் தாக்கல் செய்திருக்கிறீர்கள் என்று காகிதத்தோடு காட்ட முடிந்தால், முதலில் பதிவாளருக்கு எழுதுங்கள். சேலம் மாவட்டத்துக்கு அது கோயம்புத்தூர் பதிவாளர் அலுவலகம், சென்னை இல்லை. தவறான அலுவலகத்துக்கு மனு அனுப்பி இரண்டு மாதம் போக்கியவர்கள் உண்டு. அங்கே தீராவிட்டால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. 2020 அக்டோபரில் அங்கே இரு நீதிபதிகள் அமர்வு, இந்தக் காரணத்துக்காக டின்னை முடக்கப் பதிவாளருக்கு அதிகாரம் இல்லை என்று தீர்ப்பளித்தது. அதைக் கேள்விப்பட்டு "தகுதி நீக்கமே செல்லாது" என்று சொல்லிக்கொண்டு வருகிறார்கள். 164(2) அப்படியேதான் இருக்கிறது.

5 வருடமும் நீங்கள் சும்மா இருக்க வேண்டியதில்லை. பங்குதாரராக இருக்கலாம், தனி உரிமையாளராகத் தொழில் நடத்தலாம். இயக்குநர் நாற்காலி மட்டும்தான் இல்லை.

7. கம்பெனியே பதிவேட்டிலிருந்து நீங்கியிருந்தால்

248-ஆம் பிரிவில் பதிவாளர் எஸ்டிகே-1 நோட்டீஸ் அனுப்புவார். பதில் இல்லாவிட்டால் பொது அறிவிப்பு, பிறகு நீக்கம். வாடகை வீட்டைப் பதிவு அலுவலகமாகக் காட்டிவிட்டு வீட்டைக் காலி செய்தவர்களுக்கு நோட்டீஸ் வந்ததே தெரியாது.

வங்கியில் பணமோ பெயரில் நிலமோ இருந்தால் மட்டும் மீட்பதைப் பற்றி யோசியுங்கள். சென்னையில் உள்ள கம்பெனிச் சட்டத் தீர்ப்பாய அமர்வில் 252-ஆம் பிரிவில் மனு. பாதிக்கப்பட்டவர் மேல்முறையீடு செய்ய 3 வருடம். கம்பெனி, உறுப்பினர், கடன் கொடுத்தவர் மனு போட 20 வருடம் வரை. மீட்பு உத்தரவு கிடைத்தால் அதைப் பதிவாளரிடம் தாக்கல் செய்யும் ஐஎன்சி-28 போட்டு, அதன்பின் நிலுவை முழுவதும். கம்பெனி திரும்பிவந்ததால் மட்டும் இயக்குநரின் தகுதி திரும்பாது.

8. "நான் எப்பவோ விலகிட்டேனே"

வாட்ஸ்அப்பில் "நான் ஒதுங்கிக்கிறேன்" என்று போட்டது ராஜினாமா ஆகாது. எழுத்துமூலக் கடிதம் வேண்டும், அது கம்பெனிக்குப் போய்ச் சேர்ந்த அத்தாட்சி வேண்டும். கடிதம் கிடைத்த நாளா, அதில் குறிப்பிட்ட நாளா, எது பிந்தியதோ அன்றுதான் விலகல். கம்பெனி டிஐஆர்-12 போட வேண்டும். கூட்டாளிகள் சண்டையில் அதைப் போட மாட்டார்கள் என்றால், விலகலை நீங்களே பதிவாளருக்குத் தெரிவிக்கும் டிஐஆர்-11 போடுங்கள். அது கட்டாயம் இல்லை, ஆனால் நான் யாருக்கும் அதைப் போடாமல் விடச் சொன்னதில்லை. கடிதம் அனுப்பிய தபால் ரசீதையும் அது போய்ச் சேர்ந்த அத்தாட்சியையும் ஸ்கேன் செய்து வையுங்கள்.

மூன்றாவது வருடக் கெடு தாண்டியபிறகு செய்யும் ராஜினாமா எதையும் மாற்றாது. சட்டத்தில் "இயக்குநராக இருக்கிற அல்லது இருந்த" என்றே இருக்கிறது.

9. கம்பெனி வேண்டாம் என்றால்

கெடு வரும் முன் எஸ்டிகே-2 என்ற விண்ணப்பம் போட்டு மூடிவிடுங்கள். அரசுக் கட்டணம் 10,000 ரூபாய். கடன் பாக்கி இருக்கக் கூடாது, கடந்த இரண்டு நிதியாண்டுகளில் தொழில் நடந்திருக்கக் கூடாது. தொழில் நின்ற நிதியாண்டு வரையிலான ரிட்டன்களை முதலில் முடிக்க வேண்டும். இதோடு வைக்கும் கணக்கு அறிக்கை 30 நாளுக்கு மேல் பழையதாக இருந்தால் திரும்பிவரும், அதனால் அதைக் கடைசியில் தயார் செய்யுங்கள். பிற்பாடு தேவைப்படும் என்று நினைத்தால், 455-ஆம் பிரிவில் செயலற்ற கம்பெனி என்ற நிலை வாங்கலாம். அதற்கும் வருடம் ஒரு ரிட்டன், எம்எஸ்சி-3 உண்டு. அதையும் மறப்பீர்கள் என்றால் மூடிவிடுவதே மேல்.

ஏற்காட்டுக்காரர் ரிட்டன்களைப் போட்டு கம்பெனியை மூட முடிவு செய்தார். தாமதக் கட்டணத்தை நாலு கூட்டாளிகளும் எப்படிப் பிரிப்பது என்பதில் இன்னும் இழுபறி. மச்சினரின் கம்பெனியில் அவர் இப்போது பங்குதாரர் மட்டும். போகும்போது பிரிக்காத வங்கி உறை ஒன்றின் பின்பக்கம் 2029 அக்டோபர் என்று எழுதி வாங்கிக்கொண்டு போனார்.